தாலி என்றால் கயிறு

அந்தக் கோடையில் எங்கள் தெருவில் அடி வாங்காமல் தப்பியவர்களை எண்ண ஒரு கை விரல்கள் போதும். என்னோடு மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்ஷனில் வளர்ந்தவர்கள் இதை மறுக்கமாட்டீர்கள். இப்போது நமக்கு முப்பத்தைந்து நெருங்குகிறது, படியேறினால் முழங்கால் கதைக்கிறது. பிள்ளைகள் மேல் கை வைக்கக்கூடாது என்று பள்ளிக்கூடத்தில் கூட்டம் வைத்துச் சொல்கிறார்கள், நாமும் நல்ல பிள்ளைகள் மாதிரித் தலையாட்டிவிட்டு வருகிறோம். ஆனால் தும்புத்தடி, பெல்ட், கறிக்கரண்டி, பனி அள்ளுகிற சவளின் பிடி என்று முதுகில் எதையெதை வாங்கினோம் என்பதைச் சொல்லிச் சொல்லிச் சிரிக்காத கலியாண வீடு நமக்குள் உண்டா?

எங்கள் வீட்டில் அதற்கொரு பழமொழியும் இருந்தது. அடி உதவுகிற மாதிரி அண்ணன் தம்பி உதவமாட்டான். அப்பா பெல்ட்டைக் கழற்றும்போது இதைச் சொல்லிக்கொண்டே கழற்றுவார். எனக்கு எட்டு வயது மூத்த அண்ணன் ஒருவன் இருந்தான். அப்பா ரெஸ்ரோறன்ட் வேலைக்குப் போன நேரங்களில் பெல்ட் அவன் பொறுப்பு. ஆகவே எனக்கு அடியும் அண்ணனும் ஒரே இடத்திலிருந்துதான் வந்தன. எது உதவும், எது உதவாது என்று பிரித்துப் பார்க்கிற வாய்ப்பு பதினொரு வயதுவரை கிடைக்கவில்லை.

நான் சொல்லப்போவது அந்த ஓகஸ்ட் மாதத்தில் ஒரு சனிக்கிழமை மேல்வீட்டுப் பெடியனின் தாடை உடைந்த கதை. ஒரு சொல்லைப் பிழையாக வாசித்ததால் அது உடைந்தது. அந்தச் சொல்லின் சரியான அர்த்தம் எங்கள் வீட்டில் ஒரே ஒரு ஆளுக்குத்தான் தெரிந்திருந்தது. அந்த ஆள் நான்.

நாங்கள் இரண்டாம் மாடி. எங்களுக்கு மேலே, இந்தோனேசியாவிலிருந்து வந்த ஒரு தாய், பதினேழு வயது மகன், என் வயதில் ஒரு மகள். சீன வம்சத்து ஆட்கள், ஜகார்த்தாவில் கடை வைத்திருந்தவர்கள். ஒரு கலவரத்தில் கடையைக் கொளுத்திவிட்டார்கள். தகப்பன் கூட வரவில்லை. ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை, அப்படியான கேள்விகளை எங்களுக்கும் யாரும் கேட்கக்கூடாது என்பதால். அப்பா கொழும்பில் எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தின்போது தண்ணீர்த் தாங்கிக்குப் பின்னால் ஒளிந்திருந்து தப்பியவர். அவர்கள் குடிவந்த அன்றைக்கே எங்களைக் கூப்பிட்டு, எங்களை மாதிரி அடிபட்டு வந்த சனம், ஒரு சொல் கூடக்குறையக் கதைக்கக்கூடாது என்று சொல்லிவைத்தார். பெல்ட் இல்லாமல் அவர் சொன்ன புத்திமதி எனக்குத் தெரிய அது ஒன்றுதான். அதனால்தானோ என்னவோ யாருக்கும் ஏறவில்லை.

அந்த மகளும் நானும் ஒரே வகுப்பு. பிரெஞ்சில் சண்டை பிடித்துப் பிரெஞ்சிலேயே கோபம் ஆறினோம். அவள் தமையனைக் கோகோ என்று கூப்பிடுவாள். அது அவனுடைய பெயர் என்று நினைத்து எங்கள் வீடு முழுவதுமே அவனைக் கோகோ என்றது. கோகோ என்றால் அண்ணன் என்று தெரியவர எனக்கு ஒரு வருடம் சென்றது, எங்கள் வீட்டுக்கு அதற்குப் பிறகும் தெரியாது. தாயை நான் தாந்தே என்பேன். அவர்கள் மொழியிலும் பிரெஞ்சிலும் அது மாமிதான்.

தாந்தே எங்களைக் கூப்பிடுவது 'அடிக்' என்று. முதல்முதல் நான் மேலே போன அன்றைக்கு அவர் கதவைத் திறந்து, 'அடிக், அடிக்' என்று கையை நீட்டிக்கொண்டு வந்தார். சரிதான், இந்த வீட்டிலும் அடிக்கிறார்கள் என்று நான் இரும்புப் படியில் தடதடவென்று இறங்கி ஓடிவிட்டேன். அவர் கையில் இருந்தது ஒரு தட்டு இறால் அப்பளம். அடிக் என்றால் தங்கச்சி, தம்பி. என் சிநேகிதி படியிலேயே குந்தியிருந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

அன்றைக்கே ஒரு கொப்பி தொடங்கினோம். பச்சை மட்டை, மூலையில் தாந்தேயின் எண்ணெய்ப் பொட்டு. முதல் பட்டியல், இரண்டு மொழியிலும் ஒன்றாக இருக்கிற சொற்கள். கப்பல், பெட்டி, மாங்காய், கடை. கொஞ்சம் வாய் கோணினாலும் அதே சொல்தான். எங்கட சொல்லெல்லாத்தையும் களவெடுத்துக்கொண்டு போயிட்டியள் என்று அண்ணா கோகோவைப் பகிடி பண்ணுவான். இரண்டாவது பட்டியலில் சத்தம் ஒன்று, பொருள் வேறு. அடிக். மாமா என்றால் அவர்களுக்கு அம்மா. படி என்றால் நெல். தாலி என்றால் கயிறு, சும்மா கட்டுகிற கயிறு. சொல்லை அவள் தன் எழுத்தில் எழுத, பக்கத்தில் நான் தமிழில் பொருள் எழுதுவேன். கொப்பி ஒரு கிழமை அவள் வீட்டில், ஒரு கிழமை என் வீட்டில். தாலியைப் பற்றி நான் அவளுக்கு விளக்கினேன். அம்மா கழுத்தில் போட்டிருக்கிறாரே, சிலுவை பதித்தது, அதுதான் எங்களுடைய தாலி என்றேன். கழுத்தில் கயிறா என்று அவள் திரும்பத் திரும்பக் கேட்டாள்.

அண்ணாவும் கோகோவும் கூட்டாளிகள் என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் நான் அண்ணாவுக்குப் பாதிப் பாவத்தைக் குறைத்தவளாவேன். மெட்ரோவுக்குப் பக்கத்தில் ஒரு நெற் கஃபே இருந்தது, ஞாபகம் இருக்குமே, சிகரெட் மணக்கிற அந்த நிலக்கீழ் அறை. அங்கே பக்கத்துப் பக்கத்துக் கதிரையில் இருந்து, ஒரே அணியில், திரையில் வருகிறவனையெல்லாம் சுட்டுத் தள்ளுவார்கள். சாப்பிட வரச் சொல்லி அம்மா என்னை அனுப்புவார். நான் போனால் இரத்தம் தெறிக்கிற சுவரைப் பார்த்துக்கொண்டு கால் மணித்தியாலம் நிற்பேன். அண்ணா முன்னால் ஓடுவான், கோகோ அவன் முதுகைக் காப்பான். அண்ணா செத்தால் கோகோ தேடிப்போய்ப் பழி தீர்ப்பான். கோகோவுக்குத் தெரிந்த தமிழ் மூன்று கெட்ட சொற்கள், மூன்றும் அண்ணா சொல்லிக்கொடுத்தவை.

சுடாத நேரங்களில் கோகோவுக்கு வேறொரு உலகம் இருந்தது. கனடாவில் சிதறிக் கிடந்த இந்தோனேசியப் பிள்ளைகள் கூடுகிற ஒரு இணையப் பக்கம். அதை நடத்தியவர்களில் அவனும் ஒருவன். படம் போடுவார்கள், ஊர்ப் பகிடி விடுவார்கள், காதல் தோல்வியை ஊருக்கே சொல்லி அழுவார்கள். நேராக எழுதமாட்டார்கள். ஆங்கில எழுத்தில் பெரியதும் சின்னதும் கலந்து, ஏ வரவேண்டிய இடத்தில் நாலு, ஓ வரவேண்டிய இடத்தில் சைபர் என்று இலக்கங்களை நட்டு எழுதுவார்கள். ஏன் இப்படி என்று கேட்டால், ஊரில் எங்கள் வயதுக்காரர் எல்லாரும் இப்படித்தான், நேராக எழுதினால் கிழவி என்பார்கள் என்றாள் என் சிநேகிதி. அவள் நாலு வயதில் ஊரை விட்டவள். ஊர் என்றால் அவளுக்கு அந்தத் திரைதான்.

மேல்வீட்டில் கொம்பியூட்டர் இல்லை. அவள் எங்கள் வீட்டுக் கூடத்தில் இருந்த கொம்பியூட்டரில்தான் சாட் பண்ணுவாள், கோகோ நெற் கஃபேயிலிருந்து அவளுக்கு எழுதுவான். அந்தக் கோடை முழுக்க இருவருக்கும் ஒரே கதைதான். ஓகஸ்ட் நடுப்பகுதியில் அவர்களுடைய நாட்டின் சுதந்திர தினம். அன்றைக்கு ஊரில் தெருவுக்குத் தெரு போட்டி வைப்பார்களாம். சாக்கு ஓட்டம், கயிறு இழுத்தல், எல்லாவற்றிலும் மேலாக அப்பளம் தின்கிற போட்டி. மேலே ஒரு கயிறு கட்டி, அதிலிருந்து தட்டை அளவு அப்பளங்களை நூலில் தொங்கவிடுவார்கள். கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, அண்ணாந்து, வாயால் மட்டும் கவ்வித் தின்று முடிக்க வேண்டும். அந்தப் போட்டியை ஒரு சனிக்கிழமை மொன்றியலில் ஒரு பூங்காவில் நடத்துவது என்று இணையப் பக்கத்தில் முடிவாகியிருந்தது. தாந்தேக்கு மட்டும் தெரியக்கூடாது. கடையை எரித்தவர்களின் கொடியை அவர் பார்க்கமாட்டார். பூங்காவில் சாப்பாடு என்று சொல்லிக் கூட்டிக்கொண்டு போவது, பிறகு வருவதைப் பார்ப்பது என்று பிள்ளைகள் இரண்டும் திட்டம் போட்டிருந்தன.

போட்டிக்கு முந்திய செவ்வாய்க்கிழமை, அந்த இணையப் பக்கத்தில் பழக்கமான மூன்று பெட்டைகள் ஆற்றுக்கு அப்பால் புரோசார்ட்டிலிருந்து வந்தார்கள். பின் ஒழுங்கையில் கயிறு துள்ளினோம். துள்ளினார்கள் என்று சொல்ல வேண்டும். கயிற்றின் ஒரு நுனி தெருமூலை டெப்பனர் கடைக்குப் பின்னால் நின்ற கம்பத்தில், மற்ற நுனி என் கையில். தங்கள் மொழியில் கதைத்து, தங்கள் மொழியில் சிரித்து, மாறி மாறித் துள்ளினார்கள். எனக்கு எப்போது முறை என்று கேட்டேன். 'நந்தி, நந்தி' என்றாள் என் சிநேகிதி திரும்பிப் பார்க்காமல். நந்தி என்றால் பேந்து, பிறகு. அதுவும் எங்கள் இரண்டாவது பட்டியலில் இருந்தது. பொழுதுபடும்வரை நான் கோயில் வாசல் நந்தி மாதிரியே நின்று கயிறு சுற்றினேன், உள்ளங்கையில் தோல் உரிந்தது. எனக்கு அவ்வளவு ஆத்திரம் அதற்கு முன்னும் வரவில்லை, பின்னும் வரவில்லை. இன்றைக்கு நினைத்தாலும் கை எரிகிறது.

அதே கிழமை எங்கள் வீட்டிலும் எரிந்துகொண்டுதான் இருந்தது. ரொறன்ரோவில் இருந்த மாமா, அம்மாவின் தம்பி, அக்காவுக்கு ஒரு சம்பந்தம் கொண்டுவந்திருந்தார். அக்காவுக்குப் பதினெட்டு வயது, படிக்கப்போறன் என்று ஒற்றைக்காலில் நின்றாள். ஆரையோ மனசில வச்சுக்கொண்டுதான் உந்த நடிப்பு என்று அண்ணா அவளை அறைந்தான். மூக்கால் இரத்தம் வந்து வெள்ளைச் சட்டையில் சொட்டியது. அம்மா சட்டையை ஊறவைத்தார், அறைந்தவனை ஒன்றும் கேட்கவில்லை. அக்கா மனதில் யாரும் இருக்கவில்லை. தாதியாக வேண்டும் என்ற ஆசை ஒன்றுதான் இருந்தது. அதை நம்புவதற்கு எங்கள் வீட்டில் ஒருவருக்கும் பழக்கமில்லை.

வியாழக்கிழமை பின்னேரம் என் சிநேகிதி சாட் பண்ணிவிட்டு மூடாமல் போய்விட்டாள். அவளுக்குப் பிறகு அக்கா வந்திருந்து ஏதோ விண்ணப்பம் நிரப்பிவிட்டுக் குளிக்கப் போனாள். அண்ணா போய் அந்தக் கதிரையில் இருந்தான். அந்த நேரம் பார்த்துத் திரையில் ஒரு வரி வந்து விழுந்தது. அடிக், சப்து கோகோ பாவா தாலி, ஜாங்கான் பிலாங் மாமா. இதை நேராகச் சொன்னால், தங்கச்சி, சனிக்கிழமை அண்ணா கயிறு கொண்டுவருவேன், அம்மாவுக்குச் சொல்லாதே. தங்கைக்குத் தமையன் எழுதியது.

ஆனால் அது ஆங்கில எழுத்தில், நடுநடுவே நாலும் சைபரும் போட்டு எழுதியிருந்தது. அண்ணாவும் அவன் கூட்டாளிமாரும் தமிழையே ஆங்கில எழுத்தில் சாட் பண்ணுகிறவர்கள். அவன் கண்ணுக்கு அதில் மூன்று சொற்கள்தான் தெரிந்தன. கோகோ, தாலி, மாமா. மற்றதெல்லாம் அக்காவுக்கு எழுதிய களவுப் பாஷை. கண்ணால் காண்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்று சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் நாலாம் வகுப்பில் படித்துப் பரிசு வாங்கியவன் அவன். விசாரிக்கவும் செய்தான். அக்காவை விசாரித்தால் பொய் வரும் என்று நினைத்திருப்பான், என்னைக் கூப்பிட்டான்.

"நீதானே அவளோட திரியிறனி. சப்து எண்டா என்ன?"

சனிக்கிழமை என்றேன். அது உண்மை. அந்த உண்மைதான் அடுத்ததற்கு வழி விட்டது.

"உது தாலிதானே?"

என் உள்ளங்கை எரிந்துகொண்டிருந்தது. கொப்பி அந்தக் கிழமை அவள் வீட்டில் இருந்தது, ஆனால் அந்தப் பக்கம் எனக்கு மனப்பாடம். என் கையெழுத்தில் கயிறு என்று எழுதியிருப்பது கண்ணுக்குள் தெரிந்தது. அவர்களுக்கும் ஒருக்கால் வலிக்கட்டும் என்று நினைத்தேன். கோகோவின் தாடையை நான் நினைக்கவில்லை. அண்ணா மேலே போய் இரண்டு சத்தம் போடுவான், அவள் அழுவாள், பிறகு என்னிடம் வருவாள், அவ்வளவுதான் பதினொரு வயதுக் கணக்கு.

"ஓம்" என்றேன்.

அண்ணா மேலே போகவில்லை, சத்தமும் போடவில்லை. திரையை மூடிவிட்டு, விரல்களை ஒவ்வொன்றாகச் சொடக்கினான். எங்கள் வீட்டில் சத்தம் இல்லாத கோபத்தை நான் அன்றைக்குத்தான் முதல்முதல் கண்டேன், பயந்துபோனேன். வெள்ளிக்கிழமை அவன் பக்கத்துத் தெருக் கூட்டாளிகள் இரண்டு பேருடன் போனில் கதைத்தான். அலுமாரிக்குப் பின்னால் கிடந்த ஹாக்கி மட்டையை எடுத்துக் காரில் வைத்ததை ஜன்னலால் பார்த்தேன்.

அதே வெள்ளிக்கிழமை மத்தியானம் என் சிநேகிதி படியிறங்கி வந்தாள். செவ்வாய்க்கிழமை செய்தது பிழை என்றாள், என் உள்ளங்கையைப் பிடித்துப் பார்த்தாள். நாளைக்கு நீ கட்டாயம் வரவேண்டும், அப்பளப் போட்டியில் எனக்குப் பக்கத்தில் உன்னுடைய அப்பளம்தான் தொங்கும் என்றாள். சிவப்பும் வெள்ளையுமாகப் பின்னிய நூல் ஒன்றை என் மணிக்கட்டில் கட்டிவிட்டாள். அப்போது சொல்லியிருக்கலாம். அண்ணாவிடம் போய், நான் பொய் சொன்னேன், அது கயிறு என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் பெல்ட். ஒரு பக்கம் கோகோவின் எலும்பு, மற்றப் பக்கம் என் முதுகு. நான் என் முதுகைக் காப்பாற்றினேன்.

சனிக்கிழமை நல்ல வெயில். பூங்காவில் முப்பது நாற்பது இந்தோனேசியப் பிள்ளைகள், திரையில் படமாகத் தெரிந்தவர்கள் முதல்முதல் ஆளாக வந்து நின்று ஒருவரையொருவர் தொட்டுப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டு மேப்பிள் மரங்களுக்கு நடுவில் கோகோ கொண்டுவந்த கயிறு, அதில் வரிசையாக அப்பளங்கள், பக்கத்தில் கடதாசிக் கொடிகள். தாந்தே கொடியைக் கண்டதும் சாப்பாட்டுப் பையுடன் அப்படியே நின்றுவிட்டார். பிறகு அவர் ஒரு அப்பளத்தை விரலால் தட்டி, இவ்வளவு உயரத்தில் கட்டினால் எப்படித் தின்பது, ஊரில் இப்படியா கட்டுவார்கள் என்று மகனைப் பேசினார். பேசப் பேசச் சிரிப்பு வந்துவிட்டது. அவர் வாய் திறந்து சிரித்ததை நான் அன்றைக்குத்தான் கண்டேன். மிச்சக் கயிற்றைப் பிடுங்கி, கோகோவைத் திருப்பி நிறுத்தி, அவன் கைகள் இரண்டையும் பின்னால் சேர்த்துத் தானே கட்டினார். களவு செய்யாமல் இருக்க இறுக்கிக் கட்ட வேண்டும் என்று இரண்டு முடிச்சுப் போட்டார்.

போட்டி தொடங்கி, கோகோ அண்ணாந்து அப்பளத்தைக் கவ்விக்கொண்டிருந்தபோது, எங்களைக் காரில் பின்தொடர்ந்திருந்த அண்ணாவும் மற்ற இரண்டு பேரும் புல்லுக்குள்ளால் வந்தார்கள். கோகோ அவனைக் கண்டதும் வாயில் அப்பளத்துடன் சிரித்தான், அந்த மூன்று தமிழ்ச் சொற்களில் ஒன்றைச் சொல்லிக் கூப்பிட்டான். அவனும் விளையாட வந்திருக்கிறான் என்று நினைத்திருக்க வேண்டும். முதல் அடி கையால், கன்னத்தில். சுற்றி நின்றவர்களில் சிலர் கைதட்டினார்கள், அதுவும் போட்டியில் ஒரு பகுதி என்று. இரண்டாவது மட்டையால்.

அந்தச் சத்தத்தை நான் எதற்கும் ஒப்பிட விரும்பவில்லை. கோகோ விழுந்தான். விழுகிறவன் கையை ஊன்றுவான், அவனால் ஊன்ற முடியவில்லை, முகமே முதலில் தரையில் பட்டது. அதற்குப் பிறகு கால்கள். விலாவில், முதுகில், திரும்பவும் முகத்தில். "அடியடா, அடியடா" என்று ஒருவன் கத்தினான். பிள்ளைகள் அலறிக்கொண்டு ஓடினார்கள், கொடிகள் காலுக்குள் மிதிபட்டன. தடுக்க வந்த ஒரு பெடியனின் மூக்கை அண்ணாவின் கூட்டாளி நெற்றியால் முட்டி உடைத்தான்.

தாந்தே மகனிடம் ஓடவில்லை. இதை இப்போது என்னால் விளங்கிக்கொள்ள முடிகிறது, அன்றைக்கு முடியவில்லை. அவர் என்னையும் தன் மகளையும் கழுத்தில் பிடித்து இழுத்துச் சாப்பாட்டு மேசைக்குக் கீழே தள்ளி, எங்கள் மேல் படுத்துக்கொண்டார். கலவரத்தில் என்ன செய்ய வேண்டும் என்று அவருக்குத் தெரியும். கிடைத்த பிள்ளைகளை மூடு, சத்தம் வராமல் பார். அவர் உள்ளங்கை என் வாயை அழுத்தியிருந்தது, இறால் அப்பள எண்ணெய் மணத்தது. 'அடிக், அடிக்' என்று காதுக்குள் சொன்னார். வெளியே அடியடா, உள்ளே அடிக். அந்தக் கை இல்லாவிட்டால் நான் கத்தியிருப்பேன் என்று பல வருடங்கள் எனக்கு நானே சொல்லிவந்தேன். அது சுத்தப் பொய், நான் வாயைத் திறக்கவே இல்லை.

"தாலி எங்கயடா?" என்று கேட்டுக்கொண்டு அண்ணா கோகோவின் பையைக் கவிழ்த்தான். கடதாசித் தட்டுகள், அப்பளப் பெட்டிகள், ஒரு கயிற்றுப் பந்து. அப்போது என் சிநேகிதி தாயின் கைக்குள்ளிருந்து நழுவி ஓடினாள். தமையனின் பக்கத்தில் விழுந்து, பின்னால் கட்டியிருந்த கைகளைப் பிடித்து இழுத்தபடி, "தாலி! தாலி!" என்று கத்தினாள். கயிற்றை அவிழுங்கள் என்று.

அண்ணா கையில் இருந்த பந்தைப் பார்த்தான், கோகோவின் மணிக்கட்டைப் பார்த்தான். மட்டை கையிலிருந்து விழுந்தது. பிறகு தலையைத் திருப்பி, மேசைக்குக் கீழே இருந்த என்னைப் பார்த்தான். அடிப்பதற்கு முன்னால் பார்க்கிற பார்வையைத்தான் நான் எதிர்பார்த்தேன். அது இல்லை. அவன் முழங்காலை ஊன்றி, அந்த இரண்டு முடிச்சையும் அவிழ்க்கத் தொடங்கினான். தாந்தே இறுக்கித்தான் போட்டிருந்தார், பொலிஸ் வரும்வரை அவிழவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அண்ணாவை வீட்டுக்கு விட்டார்கள், வழக்கு வரும்வரை. அப்பா பெல்ட்டைத் தொடவில்லை. மாதா படத்துக்கு முன்னால் கதிரையைப் போட்டு முகத்தை மூடிக்கொண்டு இருந்தார். என்னடா கண்டனி, ஆர் உனக்கு அப்பிடிச் சொன்னது என்று அம்மாதான் கேட்டார். நான் குசினி வாசலில் நின்றேன். ஒருத்தரும் சொல்லேல்லை, நானாத்தான் வாசிச்சனான் என்றான் அண்ணா. பிறகு தண்ணீர் குடிக்க வருகிறவன் போலக் குசினிக்குள் வந்து, என் உயரத்துக்குக் குனிந்தான்.

"நீ கயிறெண்டு சொன்னனி. நான்தான் கேக்கேல்லை. விளங்குதோ?"

"ஓம்" என்றேன். அது இரண்டாவது ஓம்.

நீதிமன்றத்திலும் அப்படியே சொன்னான். தங்கச்சி கயிறென்று சொன்னவள், ஆத்திரத்தில் நான் நம்பவில்லை என்று. அது அவனுக்கு இன்னும் பாதகமாக முடிந்தது. தெரிந்தும் அடித்தவன் ஆகிவிட்டான், உள்ளே போனான். வெளியே வந்தபின் அல்பேர்ட்டாப் பக்கம் வேலைக்குப் போனவன் இன்னும் அங்கேதான். அவன் நல்லவன் என்று நான் சொல்லவரவில்லை. அக்காவின் மூக்கும் கோகோவின் தாடையும் அவன் கையால்தான் உடைந்தன. ஆனால் அந்தப் பழமொழியை யாரும் என் முன்னால் சொன்னால் நான் எழும்பிப் போய்விடுவேன்.

கோகோவின் தாடையைக் கம்பியால் கட்டியிருந்தார்கள். உறிஞ்சு குழலால்தான் சாப்பாடு. அம்மா மரக்கறி சூப் வைத்து அரைத்து வடித்து, என்னிடம் கொடுத்து மேல்வீட்டு வாசலில் வைத்துவிட்டு வரச் சொன்னார். எங்கள் வீடும் சரி, அவர்கள் வீடும் சரி, பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பிக் கொடுக்காத வீடுகள். நாலாம் நாள் அந்தப் பாத்திரம் எங்கள் படியில் இருந்தது, கழுவித் துடைத்து, வெறுமையாக. முதல் பனி விழ முன்னம் அவர்கள் நகரின் மறுகோடியில் லாசாலுக்குப் போய்விட்டார்கள். கோகோ அந்த இணையப் பக்கத்தை மூடிவிட்டான் என்று கேள்வி. அக்காவை மாமா வீட்டுக்கு ரொறன்ரோவுக்கு அனுப்பினார்கள், ஊர் வாய்க்குப் பயந்து. அடுத்த சித்திரையில் அந்தச் சம்பந்தமே கலியாணமாக முடிந்தது. கழுத்தை நீட்டும்போது அவள் அழவில்லை, நான் அழுத அழுகையைப் பார்த்துத் தங்கச்சிக்கு எவ்வளவு பாசம் என்றார்கள்.

போன மாதம் என் சிநேகிதி என்னை இணையத்தில் தேடிப் பிடித்தாள். பிரெஞ்சில் நீளமாக எழுதியிருந்தாள். தாந்தே மாரிக்காலத்தில் இறந்துவிட்டாராம். கடைசியில் ஆட்களையெல்லாம் மறந்துவிட்டார், ஒன்றை மட்டும் மறக்கவில்லை. வருகிற தாதிமாருக்கெல்லாம் தன் மணிக்கட்டுகள் இரண்டையும் சேர்த்துக் காட்டி, நான்தான் அவன் கையைக் கட்டினேன், நான்தான் இறுக்கிக் கட்டினேன் என்று சொல்லிக்கொண்டே இருந்தாராம். கோகோவுக்கு இப்போது பிள்ளைகள் இருக்கிறார்கள், சிரித்தால் மட்டும் வாய் ஒரு பக்கம் போகும்.

தாயின் பெட்டியை ஒதுக்கியபோது அந்தப் பச்சைக் கொப்பி கிடைத்ததாம். ஒரு பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பியிருந்தாள். இரண்டாவது பட்டியல். அவள் எழுத்தில் தாலி, பக்கத்தில் என் கோணல் எழுத்தில் கயிறு. படத்துக்குக் கீழே எழுதியிருந்தாள்: நீ கயிறென்று சொன்னாய், எனக்குத் தெரியும், உன் அண்ணன் நீதிமன்றத்தில் சொன்னதை அம்மாவும் கேட்டார், சின்னப் பெட்டைகள் சொன்னால் யார் கேட்கிறார்கள், நீ உன்னை நொந்துகொள்ளாதே.

நான் பதில் எழுதத் தொடங்கி அழித்தேன். இல்லை, நான் சொல்லவில்லை என்று பிரெஞ்சில் மூன்று தரம் எழுதி மூன்று தரம் அழித்தேன். கடைசியில் ஒரு சிவப்பு இதயத்தை அழுத்தினேன். அடுத்த நிமிடமே அவளும் ஒன்று அனுப்பினாள்.

அவளுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. அதனால்தான் இவ்வளவையும் தமிழில் எழுதுகிறேன்.